இராசாத்தி தவறிய வழக்கு

போலீஸ் தன் வீட்டுக்கு வரக் கூடாது என்று கோர்ட்டில் மனுப் போட்ட ஆள் அந்த வட்டாரத்தில் அதற்கு முன்பு யாரும் இல்லை. சின்னையாதான் முதல் ஆள். கோர்ட்டுக்கு வழி தெரியாத அவனைச் சைக்கிளின் பின்னால் உட்காரவைத்துக் கூட்டிக்கொண்டு போனதும் போலீஸ்தான்.

இது யாருக்கும் விநோதமாகத் தோன்றவில்லை. ஜப்பான்காரன் வந்து இரண்டாவது வருஷம் அது. விநோதம் தெரிவதற்கு வயிறு கொஞ்சமாவது நிறைந்திருக்க வேண்டும்.

மலாயாவில், கெடா மாநிலத்தில், புக்கிட் செராய் என்று ஒரு ரப்பர் தோட்டம். சின்னையா அங்கே பால் வெட்டுகிறவன். வெள்ளைக்காரத் துரை ஓடிப்போன பிறகு பால் கேட்பார் இல்லை. மரத்தைச் சாய்த்துவிட்டு மரவள்ளி நடச் சொன்னார்கள். நட்டான். பிறகு சயாமில் ரயில் பாதை போடுவதற்கு கூலி வீட்டு வரிசைகளிலிருந்து லயம் லயமாக ஆள் ஏற்றினார்கள். லாரி வந்த அன்று சின்னையா காய்ச்சலில் சுருண்டு கிடந்தான். தூக்கி நிறுத்திப் பார்த்தார்கள், நிற்கவில்லை, விட்டுவிட்டுப் போனார்கள். அந்த நீண்ட லயத்தில் அடுப்பு எரிந்தது இரண்டு வீட்டில். ஒன்று அவனுடையது. மற்றது மருதம்மாளுடையது. அவள் புருஷன் சயாமில்.

சின்னையாவின் மனைவி இராசாத்தி முந்தின மார்கழியில் குளிர்காய்ச்சலில் போனாள். கொயினா மருந்து கிடைக்கவில்லை. கல்யாணமாகி இரண்டு வருஷம். அவ்வளவுதான்.

பொழுது சாய்ந்து வீடு திரும்பியதும் அவன் அடுப்பைப் பற்றவைப்பான். இரண்டு மங்குத் தட்டுகளை எடுத்து வைப்பான். வேகும்வரை அன்றைய சங்கதியை அவளிடம் சொல்வான். பன்றி வந்து கிழங்கைத் தோண்டிவிட்டுப் போனதை. வேலியோரம் முருங்கை பூத்ததை. பதில் வராது. உயிரோடு இருந்தபோதும் இராசாத்தி நீளமாகப் பதில் சொன்னவள் அல்ல. 'ம்' என்பாள். எல்லாவற்றுக்கும் அதே 'ம்'தான். ஆனால் ஒன்றைப் போல் இன்னொன்று இருக்காது. அந்த 'ம்' இன்னும் அவன் காதில் இருந்தது. அது தேய்ந்துவிடக் கூடாது என்றுதான் தினமும் பேசினான்.

ஒருநாள் தலைக்கணக்கு எடுக்க மாத்தா-மாத்தா வந்தார்கள். போலீஸ்காரரைத் தோட்டத்தில் அப்படித்தான் சொல்வது. மலாயில் 'கண் கண்' என்று பொருள். பக்கத்து வீட்டில் எத்தனை பேர் என்று மருதம்மாளைக் கேட்டார்கள்.

"சின்னையாத் தம்பி மட்டுந்தாங்க. பாவம், சாயங்காலமானா பொஞ்சாதிகூடப் பேசிக்கிட்டு ஒக்காந்திருக்கும்" என்றாள் அவள், இரக்கத்தோடு.

கணக்கில் ஒரு தலை. பேச்சில் இரண்டு. சின்னையாவை ஸ்டேஷனுக்கு அழைத்தார்கள்.

ஸ்டேஷனுக்கும் கோர்ட்டுக்கும் சேர்த்து ஒரே மொழிபெயர்ப்பாளர், வல்லிபுரம். யாழ்ப்பாணத்துக்காரர். வெள்ளைக்காரன் காலத்தில் தமிழை இங்கிலீஷில் சொல்லிக்கொண்டிருந்தவர். இங்கிலீஷ் எதிரியின் மொழியாகிவிட்டதால் இப்போது மலாயில் சொன்னார். புது ஆட்சியின் முதல் வாரத்தில் ஒரு சாட்சி மூன்று வார்த்தை பேசினான். வல்லிபுரம் அதன் கருத்தை விளக்கி முப்பது வார்த்தை பேசினார். மிச்ச இருபத்தேழு வார்த்தை எங்கிருந்து வந்தது என்று கேட்டு ஜப்பானிய ஆலோசகர் கன்னத்தில் ஓர் அறை விட்டார். அன்றிலிருந்து வல்லிபுரம் சொல்லுக்குச் சொல்தான். கருத்துப் பக்கம் தலைவைத்துப் படுப்பதில்லை.

"உம்மட மனுசி எங்கே எண்டு இன்ஸ்பெக்டர் கேக்கிறார்" என்றார் வல்லிபுரம்.

"அவ தவறிட்டாங்கய்யா" என்றான் சின்னையா.

வல்லிபுரத்தின் முகம் ஒரு கணம் இளகியது. கை தானாகக் கன்னத்துக்குப் போனது. பிறகு நிமிர்ந்து நின்று, "இஸ்திரி டியா சூடா சாலா" என்றார்.

சாலா என்றால் தவறு. கடைத்தெருவில் பேசும் பாசார் மலாய் தெரிந்த எவனுக்கும் அது தெரியும். அவனுடைய மனைவி குற்றம் செய்துவிட்டாள்.

சின்னையா பதறினான். "சாலா இல்லீங்க! தவறிட்டா!"

"தா சாலா. சூடா சாலா" என்றார் வல்லிபுரம். குற்றமில்லை, குற்றம் செய்துவிட்டாள்.

இன்ஸ்பெக்டர் பேனாவைக் கீழே வைத்தார். முன்னுக்குப் பின் முரணான வாக்குமூலம். ஒரு பெண் குற்றம் செய்துவிட்டுத் தலைமறைவாக இருக்கிறாள். என்ன குற்றம் என்று தெரியவில்லை. அது தெரியாததால்தான் விசாரணை தேவைப்படுகிறது என்றார். புருஷன் அவளை ஒளித்துவைத்துச் சாயங்காலங்களில் பேசுகிறான். அதற்குச் சாட்சி இருக்கிறது.

மறுநாளிலிருந்து போலீஸ் வந்தது. பேச்சு நடக்கும் நேரம் சாயங்காலம் என்பதால் விசாரணையும் சாயங்காலமே. இரண்டு பேர் வாசலில். ஒருவன் உள்ளே, அடுப்புக்குப் பக்கத்தில். உள்ளே உட்கார்ந்தவன் பெயர் பிச்சை. கோத்தா கோலா மூடாவில் பெண் எடுத்த இளவயசுக் கான்ஸ்டபிள். டயர் கிடைக்காததால் தண்ணீர்க் குழாய் ரப்பரைச் சுற்றிய சைக்கிளில், ரப்பர்த் தோட்டத்துக்குள் தடதடவென்று வருவான்.

"அவங்க எங்கண்ணே?" என்பான். அது அவன் கேட்க வேண்டிய கேள்வி.

"தவறிட்டா தம்பி."

"எனக்குப் புரியுதுண்ணே. நானும் தமிழன்தானே. ஆனா எனக்குப் புரிஞ்சு என்ன செய்ய? மொழிபெயர்க்கிறது என் வேலை இல்ல. கேக்கிறதுதான் என் வேலை. அவங்க எங்கண்ணே?"

இரண்டு தட்டு எதற்கு என்று முதல் நாள் கேட்டான். இரண்டாம் நாள் மாமனார் வீட்டுக் கருவாடு கொண்டுவந்தான். மூன்றாம் நாள் இராசாத்தியின் தட்டில் சாப்பிட்டான். தட்டைச் சோதனை போடுவதாகச் சொல்லிக்கொண்டான்.

மருதம்மாளின் சாட்சியத்தை மூன்று முறை வாங்கினார்கள். மூன்றாவது முறை, அந்தப் பெண்குரல் எப்படி இருந்தது என்று கேட்டார்கள். அவள் மூட்டையைக் கட்டிக்கொண்டு கோலா கெடாவில் இருந்த தம்பி வீட்டுக்குப் போய்விட்டாள். லயத்தில் இப்போது ஒரே அடுப்பு.

சின்னையாவால் பேச முடியவில்லை. போலீஸ்காரன் பக்கத்தில் இருக்கும்போது மனைவியிடம் எப்படிப் பேசுவது? அவர்கள் போன பிறகு பேசலாம் என்றால் அசதியில் உடம்பு விழுந்துவிடும். ஒரு சாயங்காலம் கிழங்கை உரித்துக்கொண்டிருந்தவன் சட்டென்று நிறுத்தினான். அந்த 'ம்' எப்படி இருக்கும் என்று நினைத்துப் பார்த்தான். உடனே வரவில்லை. தேடித்தான் எடுக்க வேண்டியிருந்தது.

மறுநாள் இன்ஸ்பெக்டரிடம் போய், தொந்தரவாக இருக்கிறது என்றான். இன்ஸ்பெக்டர் கோபப்படவில்லை. வல்லிபுரத்தின் வாயிலாகப் பொறுமையாக விளக்கினார்.

"தொந்தரவு எண்டது போலீஸ் குடுக்கிற பொருள் இல்லை. போலீஸ் வரேக்க வீட்டுக்காரன் படுகிறது. படுகிறவன் அவன். அதுக்குப் போலீஸ் எப்படிப் பொறுப்பாகும்? மற்ற வீடுகளிலயும் கேட்டுப் பாத்தம். ஒருத்தரும் தொந்தரவு எண்டு சொல்லேல்லை."

மற்ற வீடுகளில் ஆளே இல்லை.

வழி காட்டியது பிச்சைதான். "கோர்ட்டுக்குப் போயிருங்கண்ணே. போலீஸ் வீட்டுக்கு வரக் கூடாதுன்னு ஆர்டர் வாங்கிட்டா எனக்கும் நிம்மதி. இந்தச் சைக்கிள மிதிச்சு மிதிச்சு எலும்பு தேஞ்சு போச்சு லா." கொஞ்ச நேரம் கழித்து, வாசலில் இருந்தவர்களுக்குக் கேட்காமல் சொன்னான்: "இல்லாட்டி ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்க. தவறிட்டான்னு சொல்லாதீங்க. செத்துட்டான்னு சொல்லுங்க. அந்த யாழ்ப்பாணத்தாரு மலாயில நேரா 'மாத்தி'ன்னு போட்டுருவாரு. மாத்தின்னா சாவுதான், வேற அர்த்தமே இல்ல. அன்னிக்கே கேஸ் முடிஞ்சுது."

சின்னையா அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஆடு செத்தது என்பார்கள். மரம் பட்டுச் செத்தது என்பார்கள். அவளைப் பற்றி அந்த வார்த்தையை அவன் ஒருவரிடமும் சொன்னதில்லை. தன்னிடமும் சொன்னதில்லை.

"கோர்ட்டுக்கே போவோம் தம்பி" என்றான்.

மனுவை மலாயில் எழுதிக் கொடுத்தவர் வல்லிபுரம். 'சாயங்காலம் போலீஸ் என் வீட்டுக்குள் உட்கார வேண்டாம். எனக்குப் பேச வேண்டியிருக்கிறது.' மனு அவ்வளவுதான்.

குறித்த நாளில் பட்டணத்துக் கோர்ட்டுக்குப் பொழுது புலர்ந்து வெயில் ஏறும் நேரத்துக்குச் சரியாகப் போய்ச் சேர்ந்தான். கோர்ட்டுக் கடிகாரம் தோக்கியோ நேரத்தில் ஓடியது. அங்கே அப்போதே ஒன்றரை மணி நேரம் கூடுதலாக விடிந்திருந்தது. எல்லோரும் ஜப்பான் சக்கரவர்த்தி இருக்கும் கிழக்கே பார்த்துக் குனிந்து எழுந்து, வழக்கைக் கூப்பிட்டு, தள்ளியும் வைத்துவிட்டார்கள். வல்லிபுரம் வாசலுக்கு வந்து உத்தரவைத் தமிழில் படித்தார்.

"மனுதாரர் சின்னையா ஆஜராகத் தவறினார்."

பிச்சை தலையைச் சொறிந்தான். "நீங்களும் தவறிட்டீங்களாம்ணே."

சின்னையா மறுக்கவில்லை. கோர்ட்டு அதுவரை சொன்னதில் அது ஒன்றுதான் அவனுக்குச் சரியாகப் பட்டது.

அடுத்த விசாரணைக்கு இருட்டோடு கிளம்பிப் போனான். நீதிபதி உயரத்தில் உட்கார்ந்திருந்தார். நீதிபதி ஐயா என்பதை மலாயில் துவான் ஹக்கிம் என்று சொல்லி எல்லோரும் குனிந்தார்கள். அவருக்குப் பக்கத்தில், முழங்கால்மேல் வாளை வைத்துக்கொண்டு ஆலோசகர். வழக்கு நடக்கும்போது அவர் பேசுவதில்லை. நீதிபதி ஒவ்வொரு வாக்கியத்தையும் முடித்துவிட்டு வாளை ஒருமுறை பார்த்துக்கொள்வார்.

மனைவி எப்போது தவறினாள் என்று கேட்டார்கள். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்திரண்டு மார்கழியில் என்றான். கோர்ட்டில் ஒரு சலசலப்பு. கோர்ட்டில் அப்போது ஜப்பானியக் கணக்கில் வருஷம் இரண்டாயிரத்து அறுநூற்று மூன்று. நீதிபதி காகிதத்தில் கழித்துப் பார்த்தார்.

"குற்றம் நடந்து அறுநூற்று அறுபத்தொரு வருஷம் ஆகிறது. இத்தனை காலம் குற்றவாளி பிடிபடவில்லை. இருந்தும் போலீஸ் இலாகா சோர்ந்துபோகாமல் தேடிக்கொண்டிருக்கிறது. இந்த விடாமுயற்சியைக் கோர்ட்டு பாராட்டுகிறது."

இன்ஸ்பெக்டர் எழுந்து குனிந்து பாராட்டை ஏற்றுக்கொண்டார்.

"ஆனால் புகார் புகார்தான்" என்றார் நீதிபதி. போலீஸ் மனுதாரரைத் தொந்தரவு செய்ததா என்று விசாரித்து அறிக்கை கொடுக்கும்படி போலீசுக்கு உத்தரவிட்டார்.

அன்று சாயங்காலம் முதல் அறுவர் வந்தார்கள். மூவர் பழைய விசாரணைக்கு. மூவர் அந்த மூவர் தொந்தரவு செய்கிறார்களா என்று விசாரிக்க. தொந்தரவு உண்டா என்று சின்னையாவைக் கேட்டார்கள். உண்டு என்றான். மறுபடி கேட்டார்கள். இல்லை என்று சொல்லும்வரை கேட்டார்கள். இடையில் இரண்டு தடவை விழுந்து எழுந்தான். பிச்சை வெளியே போய்ச் சைக்கிளைத் துடைத்துக்கொண்டிருந்தான். சின்னையா இல்லை என்று சொன்னதை எழுதிக்கொண்டார்கள். மனுதாரர் ஒத்துழைத்தார் என்றும் எழுதிக்கொண்டார்கள்.

இப்போது 'ம்' தேடினாலும் கிடைக்கவில்லை. இராசாத்தி குனிந்து கிழங்கு உரிப்பது தெரிந்தது. நெற்றியில் விழும் முடியைப் புறங்கையால் தள்ளுவது தெரிந்தது. சத்தம் இல்லை.

மூன்றாவது விசாரணையில், அவள் எங்கே இருக்கிறாள் என்பதை நேரில் காட்டும்படி கோர்ட்டு கேட்டது. காட்டுகிறேன் என்றான். கோர்ட்டு எழுந்து தோட்டத்துக்கு வந்தது. நீதிபதி, ஆலோசகர், இன்ஸ்பெக்டர், வல்லிபுரம், பின்னால் நாற்காலி தூக்கும் இரண்டு பேர். சின்னையா ஓடைக்கு அப்பால் மேட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனான். தோட்டத்து இடுகாடு அதுதான். உணவு உற்பத்தி உத்தரவு வந்தபோது அங்கேயும் மேட்டைச் சமப்படுத்தி மரவள்ளி நடச் சொல்லியிருந்தார்கள். நட்டவர்களில் அவனும் ஒருவன். வரிசை வரிசையாக, ஆள் உயரத்துக்கு, பச்சைப் பசேல் என்று நின்றது.

"இங்கதாங்க" என்றான்.

நீதிபதி சுற்றிலும் பார்த்தார். செடிகளுக்கு நடுவே பெண் யாரும் தென்படவில்லை.

"இங்கே என்ன இருக்கிறது?" என்று கேட்டார்.

"மரவள்ளி" என்றார் இன்ஸ்பெக்டர். எழுதிக்கொண்டார்கள்.

ஆலோசகர் இந்த வழக்கில் முதல்முறையாக வாயைத் திறந்து ஏதோ சொன்னார். விளைச்சல் நன்றாக இருக்கிறது என்றாராம். உடனே நாற்காலி தூக்கிகள் இரண்டு செடியைப் பிடுங்கிக் காட்டினார்கள். கிழங்கு முழங்கை கனம் இருந்தது. இன்னும் நாலைந்து செடிகளைப் பிடுங்கிச் சாக்கில் போட்டார்கள். அந்த வரிசையில் மூன்றாவது செடியைத் தொட வேண்டாம் என்று சொல்லச் சின்னையா ஓர் அடி முன்னால் வைத்தான். ஏன் என்று கேட்பார்கள். பதில் சொல்ல அந்த வார்த்தை வேண்டும். நின்றுவிட்டான்.

மூன்றாவது செடி வேரோடு வந்தது. அதில் கிழங்கு சின்னதாக இருந்ததால் வீசிவிட்டார்கள். எல்லோரும் போன பிறகு அவன் அதைத் திரும்ப நட்டு, காலால் மண்ணை மிதித்துவிட்டான்.

தீர்ப்பு நாள் வந்தது. கிழக்கே பார்த்துக் குனிந்தார்கள். நீதிபதி கடைசியாக ஒரு முறை கேட்டார். வல்லிபுரம் சின்னையாவின் பக்கம் நகர்ந்து வந்து நின்றார். சட்டைக் காலரில் வியர்வை.

"உம்மட மனுசிக்கு என்ன நடந்தது எண்டு கேக்கிறார்" என்றார் உரக்க. பிறகு உதடு அசையாமல் சொன்னார்: "செத்துப்போனா எண்டு சொல்லும் காணும். ஒரு சொல்லு. நான் முடிச்சுத் தாறன். எனக்கும் இது நெஞ்சுக்குள்ள கிடந்து அறுக்குது."

கோர்ட்டு காத்திருந்தது. ஆலோசகரும் பார்த்தார். வாசலில் நின்ற பிச்சையின் வாய், சொல்லிக்கொடுப்பதுபோல் அந்த வார்த்தைக்குத் திறந்து மூடியது.

சின்னையா வாயைத் திறந்தான்.

"தவறிட்டாங்கய்யா" என்றான்.

வல்லிபுரம் கண்ணை மூடிக்கொண்டு, "சூடா சாலா" என்றார்.

நீதிபதி தீர்ப்பை வாசித்தார். நீண்ட தீர்ப்பு. செய்த குற்றம் இன்னதென்று தெரியவில்லை. பாதிக்கப்பட்டவர் யாரும் முன்வரவில்லை. குற்றவாளி இருப்பதாகச் சொன்ன இடத்தில் மரவள்ளி இருக்கிறது. மரவள்ளி சட்டப்படி நடப்பட்டது. செயல், பாதிக்கப்பட்டவர், குற்றவாளி, இம்மூன்றும் இல்லாத இடத்தில் குற்றம் இருக்க முடியாது. ஆகவே இன்று முதல் போலீஸ் மனுதாரர் குடியிருக்கும் தோட்டத்துக்குள் காலெடுத்து வைக்கக் கூடாது. போலீஸ் தொந்தரவு எதுவும் செய்யவில்லை என்பதைப் போலீசே விசாரித்துச் சொல்லியிருப்பதால் அதையும் கோர்ட்டு ஏற்றுக்கொள்கிறது.

இன்ஸ்பெக்டர் குனிந்தார். தோற்ற பக்கமும் ஜெயித்த பக்கமும் ஒரே அளவு குனிய வேண்டும் என்பது விதி. சின்னையாவும் குனிந்தான்.

வல்லிபுரம் தீர்ப்பின் கடைசி வரியைத் தமிழில் சொல்ல வேண்டும். தாளைப் பார்த்தார், 'தா சாலா' என்றிருந்தது. சின்னையாவைப் பார்த்தார். சொல்லுக்குச் சொல்தான், அவருக்கு வேறு வழியில்லை.

"சின்னையாவின் மனைவி இராசாத்தி," தாளை மடித்தார், "தவறவில்லை."

பிறகு அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

பிச்சை அவனைச் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு வந்தான். தோட்டத்து வாசலில் நிறுத்தி ஒரு காலை ஊன்றிக்கொண்டான்.

"எறங்கிக்கங்கண்ணே. இதுக்கு மேல நான் வரக் கூடாது. ஆர்டர்."

"கொஞ்ச தூரந்தானே தம்பி."

"ஆர்டர்ணே. நீங்க வாங்குனதுதான்."

ஹாண்டில்பாரில் தொங்கிய கருவாட்டுப் பொட்டலத்தை எடுத்துக் கொடுத்தான். பிறகு சைக்கிளைத் திருப்பினான். தடதடச் சத்தம் ரொம்ப தூரம் கேட்டது. அப்புறம் அதுவும் இல்லை.

வீட்டில் எதுவும் மாறவில்லை. சின்னையா அடுப்பைப் பற்றவைத்தான். இரண்டு தட்டையும் எடுத்து வைத்தான். கிழங்கு வெந்துகொண்டிருந்தது. வாசலில் ஆள் இல்லை. அடுப்புக்குப் பக்கத்தில் ஆள் இல்லை. கேட்டது கிடைத்துவிட்டது. பேசலாம்.

"நீ தவறலையாம்" என்றான். "கோர்ட்டுல சொல்லிட்டாங்க."

காத்திருந்தான். விறகு ஒருமுறை வெடித்தது.

அன்றைய சங்கதியைச் சொல்லிப் பார்த்தான். "என் பேரு சின்னையா. புக்கிட் செராய் தோட்டத்தில் வேலை" என்று வந்தது. நிறுத்தினான். இத்தனை நாளாக வாய்க்கு அந்த வரிசைதான் பழகியிருந்தது. வேறு விதமாகத் தொடங்கலாம் என்று யோசித்தான். யோசித்தபோது வந்தது பிச்சையின் கேள்வி.

"எங்க இருக்கே?"

பொழுது இறங்கியது. லயத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஒரு சத்தமும் இல்லை. கேட்டவனும் அவன்தான். பதில் சொல்ல வேண்டியவனும் அவன்தான். கிழங்குச் சட்டியை இறக்கி வைத்தான். ஒரு தட்டை எடுத்துத் துடைத்து, தகரப் பெட்டிக்குள் வைத்து மூடினான்.

"செத்துட்டா" என்றான்.

தெளிவாகத்தான் சொன்னான். எழுதிக்கொள்ள ஆள் இல்லை.